நாலாவது லேன்

மழை விட்டதும் ஈசல்.
பள்ளிகொண்டா சுங்கச்சாவடி, நாலாவது லேன்.
என் கண்ணாடிக் கூண்டு விளக்கைச் சுற்றி
பாலாற்றில் ஓடாத தண்ணீரெல்லாம்
சிறகு முளைத்து வந்ததுபோல.

அது வந்து மூன்று ராத்திரியாகிறது.
ரசீது துப்பும் மிஷினுக்கு மேலே
ஜன்னல் சட்டத்தில் தலைகீழாக.
ஒரு விரல் நீளம். வேப்பங்கொழுந்துப் பச்சை.
பேரணாம்பட்டு இர்ஷாத் எட்டிப் பார்த்துவிட்டு
"உங்க பெருமாள் பூச்சி" என்றான்.
இந்த ஊர்ப் பெருமாள் படுத்தே இருப்பவர்.
இது கண்ணைக்கூட மூடுவதில்லை.

முதலில் ஆடுகிறது.
காற்றே நுழையாத கூண்டுக்குள்
காற்றடித்த இலை மாதிரி.
ஈசல் இலையென்று நம்பியதோ என்னவோ,
நான் நம்பினேன்.
பிறகு நடந்ததை நான் பார்க்கவில்லை.
பார்த்துக்கொண்டேதான் இருந்தேன், ஆனாலும் பார்க்கவில்லை.
கை மடிந்திருந்தது.
கை மடிந்திருக்கிறது.
நடுவில் ஓர் ஈசல்
முள்ளுக்குள் வந்துவிட்டிருக்கிறது.

கொன்றுவிட்டுத் தின்பதில்லை அது.
தின்பதுதான் கொல்வது.
கழுத்தில் தொடங்குகிறது,
கால்கள் இன்னும் எங்கோ நடந்துகொண்டிருக்க.
சிறகை மட்டும் விட்டுவிடுகிறது.
அவை ரசீதுகளின் மேல் விழுகின்றன,
தேதியின் மேல், தொகையின் மேல்,
தங்கள் பயணம் இனிதாகட்டும் என்பதன் மேல்.

எங்களுக்கும் பயிற்சி தந்தார்கள்,
ஆம்பூர் ஓட்டல் மாடியில், ஏசி போட்டு.
வண்டி நின்றதும் இரண்டு கையும் கூப்பணும்.
அப்புறம்தான் நீட்டணும்.

ஒன்றரை மணிக்கு, பெங்களூரில் மீன் இறக்கிவிட்டு
காலியாகத் திரும்பும் காசிமேட்டு வண்டி.
வண்டிக்கு முன்னால் வாசம் வந்து நிற்கும்.
பாக்கியதாஸ் அண்ணன் கட்டைவிரலில் துணிக்கட்டு.
பூச்சியைப் பார்த்ததும் சிரித்தார்:
"இதோட அக்காதான் கடிச்சது. கடல்ல இருக்கா."
வலையில் கழிவோடு வரும் ஓர் இறாலாம்,
கோழித்தீவனத்துக்குப் போவது.
சேற்றுக் குழி வாசலில்
இதே மாதிரி கை மடித்துக் காத்திருக்குமாம்.
"செத்துட்டதுன்னு நெனச்சி எடுத்தேன்மா.
அதுவும் என்னை அப்படித்தான் நெனச்சிருக்கும்."
அறைந்தே சிப்பியை உடைக்கிற ஜாதியும் உண்டாம்;
தொட்டியில் விட்டால் தொட்டிக் கண்ணாடியே போச்சாம்.
அவர் போன பிறகு
என் கூண்டின் கண்ணாடியை
விரல் மடக்கித் தட்டிப் பார்த்தேன்.

இரண்டே முக்கால். பழைய இண்டிகா.
ஆலங்காயத்திலிருந்து சி.எம்.சி.க்கு.
பாஸ்டேக்கில் பணமில்லை.
அப்படியென்றால் ரெண்டு மடங்கு, ரொக்கம்.
பின்சீட்டில் யாரோ மடியில் யாரோ தலை;
மூச்சு மட்டும் ஜன்னலில் ஆவியாகி ஆவியாகி அழிந்தது.
ஓட்டியவன் இறங்கி வந்து கும்பிட்டான்.
நானும் கும்பிட்டபடிதான் இருந்தேன், அது விதி.
இரண்டு ஜோடிக் கைகள்,
நடுவே கண்ணாடி, மேலே அது.

பார்த்துக்கொண்டேதான் இருந்தேன்.
கட்டை படுத்திருந்தது.
கட்டை நிமிர்ந்து நிற்கிறது.
நடுவில், பச்சைப் பொத்தானின் மேல்
என் விரல் வந்துவிட்டிருக்கிறது.

காலையில் கேட்பார்கள்.
கேமராவுக்கும் இமையில்லை.
சம்பளத்தில் கழுத்துப் பக்கமாகத் தொடங்குவார்கள்.

ஐந்தரைக்கு அது கையைச் சுத்தம் செய்தது,
பூனை மாதிரி, ஒவ்வொரு முள்ளாக.
ராத்திரியெல்லாம் கரித்துண்டாய் இருந்த கண்
மலை வெளுக்க வெளுக்கப் பச்சையாகி
நடுவில் ஒரு புள்ளி மட்டும் மிஞ்சியது.
இடப்பக்கம் சாய்ந்தேன், புள்ளியும் வந்தது.
குனிந்தேன். அங்கும்.

ஷிப்ட் மாற்ற வந்த குணவதி
சிறகுகளைப் பெருக்கித் தள்ளினாள்.
துடைப்பத்தை மேலே ஓங்கியவள்
அப்படியே இறக்கிவிட்டாள்.
"பாவம்டி," என்றாள்,
"கும்புட்டுக்கினு கீது."